கடலோரக் கட்டட அனுமதி: சர்வே எண்ணை வரைபடத்தில் வைத்துப் பார்க்காமல் கையெழுத்துப் போடலாமா?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். கிழக்குக் கடற்கரைச் சாலையையொட்டி மனையோ வில்லாவோ அடுக்ககமோ விற்பவர்களின் விளம்பரங்களில் 'சி.எம்.டி.ஏ. அப்ரூவ்டு', 'ரெரா பதிவு பெற்றது', 'வங்கிக் கடன் வசதி உண்டு' என்ற வரிகளைப் பார்க்கிறோம். கடல் எத்தனை அடி தூரத்தில் இருக்கிறது என்பதும் பெருமையாக அச்சிடப்படுகிறது. அந்த மனை கடலோர ஒழுங்குமுறை மண்டலத்தில், அதாவது கட்டுமானத்துக்குக் கட்டுப்பாடு உள்ள, சி.ஆர்.இசட். என்று எல்லோரும் சொல்லும் பகுதியில், எந்த வகைப்பாட்டில் வருகிறது என்பதை மட்டும் யாரும் அச்சிடுவதில்லை. வாங்குபவர் கேட்பதில்லை. அனுமதி வழங்கும் உள்ளூர் அலுவலகம் அதைப் பார்க்காமலேயே கையெழுத்திட்டுவிட்டால், பிறகு உயர் நீதிமன்றத்திலும் பசுமைத் தீர்ப்பாயத்திலும் பத்து வருடம் இழுபடும் வழக்குக்கு அன்றே வித்து விழுந்துவிடுகிறது.

கேரளத்தில் மரடு அடுக்ககங்கள் இடிக்கப்பட்டதைத் தொலைக்காட்சியில் நாம் எல்லோரும் பார்த்தோம். அந்த வழக்கு எந்த இடத்தில் தோற்றது என்பதைத்தான் நம் ஊரில் பலர் கவனிக்கவில்லை. அங்கே கட்டியவர்கள் திருட்டுத்தனமாக, அனுமதியே இல்லாமல் கட்டியவர்கள் அல்ல. 2006-ல் மரடு கிராமப் பஞ்சாயத்து ஐந்து திட்டங்களுக்குக் கட்டட அனுமதி கொடுத்தது. 2007-ல் அரசின் ஆய்வில் குறை தெரியவந்து, அனுமதியை ஏன் ரத்து செய்யக்கூடாது என்று பஞ்சாயத்தே நோட்டீஸ் அனுப்பியது. கட்டுநர்கள் கேரள உயர் நீதிமன்றத்தில் இடைக்காலத் தடை வாங்கிக் கட்டி முடித்தார்கள். 2012-ல் தனி நீதிபதியும் 2015-ல் டிவிஷன் பெஞ்சும் கட்டுநர்கள் பக்கமே தீர்ப்பளித்தன. வீடு வாங்கியவர்களிடம் அனுமதியும் இருந்தது, கடனும் இருந்தது, உயர் நீதிமன்றத் தீர்ப்பும் இருந்தது. 2019 மே 8 அன்று உச்ச நீதிமன்றம் அத்தனையையும் ஒதுக்கிவிட்டு இடிக்கச் சொன்னது. 2020 ஜனவரி 11, 12 தேதிகளில் நான்கு வளாகங்கள் வெடிவைத்துத் தகர்க்கப்பட்டன. ஐந்தாவது திட்டம் கட்டப்படவே இல்லை.

காரணம் இரண்டே. அனுமதி கொடுத்த நாளில் நடப்பில் இருந்த, 1996-ல் ஒப்புதல் பெற்ற கடலோர மேலாண்மைத் திட்ட வரைபடத்தில் அந்த இடம் சி.ஆர்.இசட்.-3, அதாவது அதிகம் கட்டடம் எழாத கிராமப்புற வகை. அந்த வகைப்பாட்டில், காயல் கரையின் தடை எல்லைக்குள் அடுக்ககம் எழுப்ப வழியில்லை. அடுத்தது, விண்ணப்பங்களை மாநிலக் கடலோர மண்டல மேலாண்மை ஆணையத்துக்கு அனுப்பாமல் பஞ்சாயத்து தானே முடிவெடுத்தது. மரடு பின்னர் நகராட்சி ஆனது. 2019 பிப்ரவரி இறுதியில் ஒப்புதல் பெற்ற புதிய வரைபடம் அந்தப் பகுதியை நகர்ப்புற வகையான சி.ஆர்.இசட்.-2 என்றே காட்டியது. தீர்ப்புக்குப் பத்து வாரம் முன்பு வகைப்பாடு மாறியும் கட்டடம் தப்பவில்லை. கட்டிய நாளில் எந்த வரைபடம் நடப்பில் இருந்ததோ அதுதான் கணக்கு என்று நீதிமன்றம் நின்றது.

இது சென்னைக்கு நேரடியாகப் பொருந்தும். நீலாங்கரை, ஈஞ்சம்பாக்கம், உத்தண்டி வரையிலான ஊராட்சிகள் 2011-ல் மாநகராட்சியோடு இணைந்தன. 'இப்போது கார்ப்பரேஷன் ஆகிவிட்டதே, சி.ஆர்.இசட்.-2 தானே' என்று சொல்லி விற்கிறார்கள். ஊராட்சி மாநகராட்சி ஆனதால் மட்டும் வகைப்பாடு மாறாது. வரைபடம் திருத்தப்பட்டு, ஒன்றியச் சுற்றுச்சூழல் அமைச்சகம் ஒப்புதல் அளித்த தேதியிலிருந்துதான் மாறும். அதற்கு முந்தைய கட்டுமானத்தைப் பழைய வரைபடம் கொண்டே அளப்பார்கள்.

சட்டத்தின் வரலாற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். 1981 நவம்பரில் பிரதமர் இந்திரா காந்தி கடலோர மாநில முதல்வர்களுக்கு எழுதிய கடிதத்தில் உயர் ஓதம் (கடல் நீர் ஏறி இறங்குவதில் ஏற்றத்தின் உச்சம்) தொடும் இடத்திலிருந்து 500 மீட்டர் வரை கடற்கரையைத் தொடாமல் வைக்கச் சொன்னார். 1986-ன் சுற்றுச்சூழல் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் முதல் அறிவிக்கை 1991 பிப்ரவரி 19 அன்று வந்தது. அடுத்தது 2011 ஜனவரி 6. இப்போதைய அறிவிக்கை 2019 ஜனவரி 18. ஒவ்வொன்றும் முந்தையதைவிடத் தளர்ந்திருக்கிறது என்பது என் வருத்தம். அதைவிடப் பெரிய சிக்கல், மூன்றும் ஒரே நேரத்தில் வெவ்வேறு கட்டடங்களுக்குப் பொருந்திக்கொண்டிருப்பது.

2019 அறிவிக்கை, சி.ஆர்.இசட்.-3 கிராமங்களை இரண்டாகப் பிரித்தது. 2011 மக்கள்தொகைக் கணக்குப்படி சதுர கிலோமீட்டருக்கு 2,161 பேருக்கு மேல் வசித்தால் 3-ஏ. அங்கே கட்டத் தடையுள்ள பகுதி உயர் ஓதக் கோட்டிலிருந்து 50 மீட்டர் மட்டும். மற்றவை 3-பி. அங்கே பழையபடி 200 மீட்டர். கழிமுகம், ஓடை, ஓதம் ஏறும் ஆறு இவற்றின் கரையில் 2011-ல் 100 மீட்டராக இருந்த எல்லை 50 மீட்டர் ஆனது. நீர்ப்பரப்பின் அகலம் அதைவிடக் குறைவாக இருந்தால் அந்த அகலமே எல்லை. மனைத் தரகர்கள் இந்த 50 மீட்டரை மட்டும் பிடித்துக்கொண்டு பேசுகிறார்கள். 2019 அறிவிக்கைப்படி வரைபடம் திருத்தி ஒப்புதல் பெறும்வரை அந்தப் பகுதியில் 2011 விதிகளே நடப்பில் இருக்கும் என்று அதே அறிவிக்கை சொல்வதை அவர்கள் சொல்வதில்லை. ஆகவே முதலில் கேட்க வேண்டியது 'எத்தனை மீட்டர்' என்பது அல்ல. 'இந்த மாவட்டத்தின் எந்த வரைபடம், எந்தத் தேதியில் ஒப்புதல் பெற்றது' என்று எழுத்தில் கேளுங்கள். வரைபடங்கள் சைதாப்பேட்டை பனகல் மாளிகையில் உள்ள சுற்றுச்சூழல் துறையின் பொறுப்பில் இருக்கின்றன. ஆணையம் தன் இணையதளத்தில் வரைபடம், கூட்ட நிகழ்ச்சி நிரல், தீர்மானம், அனுமதிக் கடிதம், விதிமீறல் விவரம் அனைத்தையும் வெளியிட வேண்டும் என்பது 2011 அறிவிக்கையிலேயே உள்ள கடமை.

இனி வரைபடத்தின் அளவுகோலுக்கு வருகிறேன். வழக்குகள் பலவும் சிக்கிக்கொள்ளும் முடிச்சு இதுதான். மாவட்ட அளவிலான மேலாண்மைத் திட்டம் 1:25,000 அளவில் வரையப்படுகிறது. அதில் ஒரு சென்டிமீட்டர் என்றால் தரையில் 250 மீட்டர். 200 மீட்டர் தடைப்பகுதி தாளில் வெறும் 8 மில்லிமீட்டர். 50 மீட்டர் என்றால் 2 மில்லிமீட்டர். ஒரு மில்லிமீட்டர் தடிமனுள்ள கோடே தரையில் 25 மீட்டரை விழுங்கிவிடும். அதாவது ஒரு கிரவுண்டு மனை கோட்டுக்குள்ளேயே மறைந்துபோகும். இந்தத் தாளை வைத்துக்கொண்டு 'எங்கள் மனை வெளியே இருக்கிறது' என்று ஒருவரும் 'உள்ளே இருக்கிறது' என்று இன்னொருவரும் வாதிட்டால் இரண்டு பேருமே நேர்மையாகத் தவறு செய்ய முடியும். அதனால்தான் தனி விண்ணப்பத்துக்கு 1:4,000 அளவில், புல எண்ணோடு (அதாவது சர்வே எண்ணோடு), உயர் ஓதக் கோடும் தாழ் ஓதக் கோடும் குறித்து, திட்டத்தின் மனைப்பிரிவை அதன்மேல் பொருத்திய வரைபடம் கேட்கிறார்கள். அதில் ஒரு மில்லிமீட்டர் 4 மீட்டர்தான். இதை யார் வேண்டுமானாலும் வரைய முடியாது. ஒன்றிய அரசு அங்கீகரித்த நிறுவனங்கள் மட்டுமே வரையலாம். சென்னையில் அண்ணா பல்கலைக்கழகத்தின் தொலையுணர்வு நிறுவனம் அவற்றுள் ஒன்று. உயர் ஓதக் கோட்டை நாடு முழுவதும் ஒரே சீராகக் குறித்துத் தரும் பொறுப்பு, அதே வளாகத்தில் உள்ள நிலையான கடலோர மேலாண்மைக்கான தேசிய மையத்திடம் இருக்கிறது. உள்ளூர் சர்வேயர் டேப் பிடித்து அளந்து கொடுத்த தாள் தீர்ப்பாயத்தில் நிற்காது.

உயர் ஓதக் கோடு என்பதையும் தவறாகவே புரிந்துகொள்கிறோம். அன்றைக்கு அலை வந்து தொட்ட ஈர மணல் அல்ல அது. பௌர்ணமி, அமாவாசை ஒட்டிய பெருவோதத்தில் நீர் தரையில் எட்டும் அதிகபட்ச எல்லை. சென்னைக் கடற்கரையில் ஓதத்தின் ஏற்றத்தாழ்வு ஒரு மீட்டரை ஒட்டியதுதான் என்றாலும் மணல் சரிவு மென்மையாக உள்ள இடத்தில் அந்த ஒரு மீட்டர் உயரம் கிடைத்தளத்தில் பல பத்து மீட்டராக விரியும். போதாததற்குக் கரையே இடம் மாறுகிறது. நம் கரையில் மணல் ஆண்டு முழுவதையும் கூட்டிப் பார்த்தால் தெற்கிலிருந்து வடக்கே நகர்கிறது. நடுவே துறைமுகச் சுவரோ, கடலுக்குள் நீட்டிப் போட்ட கல் தடுப்பான தூண்டில் வளைவோ குறுக்கிட்டால் அதன் தெற்கே மணல் சேரும், வடக்கே கரை அரிக்கும். மெரினா அகலமானதும் ராயபுரம் கரைந்ததும் இப்படித்தான். ஆகவே பதினைந்து வருடத்துக்கு முந்தைய மனைப்பிரிவு வரைபடத்தில் 'கடலிலிருந்து 210 மீட்டர்' என்று எழுதியிருந்தால் அதை நம்பி முன்பணம் கொடுக்கக்கூடாது.

இன்னொன்று, எல்லோரும் கிழக்கே பார்த்தே அளக்கிறார்கள். முட்டுக்காடு, கோவளம் பக்கத்தில் மனைக்குக் கிழக்கே கடல், மேற்கே பக்கிங்ஹாம் கால்வாயும் கழிமுகமும். ஓதம் ஏறும் நீர்நிலை எதுவானாலும் அதன் கரைக்கும் சி.ஆர்.இசட். உண்டு. ஓதம் எதுவரை ஏறுகிறது என்பதை, வறண்ட பருவத்தில் நீரில் உப்பு ஆயிரத்துக்கு ஐந்து பங்கு இருக்கும் இடத்தை வைத்துத் தீர்மானிக்கிறார்கள். கடலிலிருந்து 600 மீட்டர் தள்ளி இருக்கிறோம் என்று நிம்மதியாக இருக்கும் மனை, கால்வாய்ப் பக்கத்திலிருந்து எல்லைக்குள் விழலாம். மரடும் கடலோரம் அல்ல, காயலோரம்.

நகர்ப்புறமான சி.ஆர்.இசட்.-2-ல் தகராறு வேறு வகை. அங்கே ஏற்கெனவே உள்ள சாலைக்கோ, ஏற்கெனவே உள்ள அங்கீகரிக்கப்பட்ட கட்டடத்துக்கோ நிலப்பக்கமாகத்தான் கட்டலாம், கடல் பக்கமாக முடியாது. கடல் பக்கத்தில் புதிதாக ஒரு சாலை போட்டு, அதற்கு நிலப்பக்கம் இருக்கிறோம் என்று சொல்லவும் கூடாது என அறிவிக்கையே வாய்விட்டுச் சொல்கிறது. பழைய மனைகளுக்கு 1991 பிப்ரவரி 19-ல் சாலை இருந்ததா, கட்டடம் இருந்ததா என்பதே கேள்வி. இதற்கு ஆளாளுக்கு வீட்டு வரி ரசீதும் மின் இணைப்பு அட்டையும் கொண்டுவருகிறார்கள். அவை கட்டடம் இருந்ததைக் காட்டலாம், அங்கீகாரத்தைக் காட்டாது. கூகுள் எர்த்தின் தெளிவான படங்கள் பெரும்பாலும் 2000-க்குப் பிறகே தொடங்குகின்றன. அவை 1991-க்குச் சாட்சி ஆகா. அந்தக் காலத்து அனுமதி வரைபடம், புலப்பட நகல், அளவைத் துறையின் இடவிளக்கப் படம், அந்த ஆண்டுகளின் செயற்கைக்கோள் பதிவு ஆகியவற்றைத் தேடிச் சேர்க்க வேண்டும். எதிர்த்து வழக்குப் போடுபவருக்கும் இதே பட்டியல்தான்.

அனுமதி கோருபவர் எந்தக் கதவைத் தட்ட வேண்டும் என்பதையும் சொல்லிவிடுகிறேன். 2019 அறிவிக்கைப்படி, மொத்தக் கட்டுமானப் பரப்பு 300 சதுர மீட்டர் வரையிலான, அதாவது சுமார் 3,230 சதுர அடி வரையிலான சொந்தக் குடியிருப்புக்கு ஆணையத்தின் பரிந்துரை தேவையில்லை, உள்ளூர் அமைப்பே அனுமதிக்கலாம். ஆனால் அந்த உள்ளூர் அமைப்பு சி.ஆர்.இசட். விதிப்படி மனுவைப் பரிசீலித்த பிறகே அனுமதிக்க வேண்டும். விற்பனைக்குக் கட்டும் வில்லா வரிசையை வீடு வீடாகப் பிரித்து இந்தச் சலுகைக்குள் நுழைப்பது தவறு. 300 சதுர மீட்டருக்கு மேற்பட்டவை மாவட்டக் குழு வழியாக மாநில ஆணையத்துக்குப் போக வேண்டும். அங்கே 1:4,000 வரைபடம், திட்டத்தைச் சுற்றி 7 கிலோமீட்டர் ஆரத்துக்கு 1:25,000 வரைபடம், மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் இசைவு, கழிவுநீர், மழைநீர் விவரம் எல்லாம் கேட்பார்கள். முழுமையான விண்ணப்பம் வந்த நாளிலிருந்து 60 நாளுக்குள் ஆணையம் பரிந்துரைக்க வேண்டும். மனு தேங்குவதற்குக் காரணம் பெரும்பாலும் 'முழுமையான' என்ற நிபந்தனைதான். ஓதக் கோட்டு வரைபடம் இல்லாமல் வந்த மனு திரும்பிப் போகும். அதற்குள் அஸ்திவாரம் தோண்டியிருப்பார்கள். மணல் மேடு சி.ஆர்.இசட்.-1-ஏ, அதாவது சூழலியல் ரீதியாக மிகவும் நுண்ணிய பகுதி. விண்ணப்பிக்கும் முன்பே பொக்லைன் விட்டு மேட்டைச் சமன் செய்தால் அதுவே தனி விதிமீறல். பிறகு கிடைக்கும் அனுமதி அதைத் துடைக்காது.

பாதிக்கப்படும் ஊர்க்காரர்கள் தோற்பது பெரும்பாலும் நியாயம் இல்லாததால் அல்ல, நாள் தவறியதால். இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். 2010-ன் தேசியப் பசுமைத் தீர்ப்பாயச் சட்டத்தில் மூன்று கடிகாரங்கள் ஓடுகின்றன. ஆணையமோ அமைச்சகமோ கொடுத்த அனுமதியையே எதிர்ப்பதானால் பிரிவு 16-ன் கீழ் 30 நாளுக்குள் மேல்முறையீடு. போதிய காரணம் காட்டினால் இன்னும் 60 நாள். 91-வது நாள் போனால் தீர்ப்பாயத்துக்கே மன்னிக்கும் அதிகாரம் இல்லை. அனுமதியே இல்லாமலோ அனுமதியை மீறியோ கட்டுவதை எதிர்ப்பதானால் பிரிவு 14. முதன்முதலில் காரணம் எழுந்த நாளிலிருந்து ஆறு மாதம், கூடுதலாக 60 நாள். இழப்பீடு, இடத்தை முன்பிருந்த நிலைக்குக் கொண்டுவருவது ஆகியவற்றுக்குப் பிரிவு 15, ஐந்து வருடம், கூடுதலாக 60 நாள். ஊர்ப் பஞ்சாயத்தார் என்ன செய்கிறார்கள்? ஆட்சியருக்கு ஒரு மனு, முதல்வர் தனிப்பிரிவுக்கு ஒரு மனு, பிறகு நினைவூட்டல், பிறகு தகவல் உரிமை மனு. எட்டு மாதம் ஓடிவிடும். மனு கொடுத்ததால் கடிகாரம் நிற்பதில்லை. மனுவோடு, அடித்தளம் போட்ட நாள், முதல் தளம் எழுந்த நாள் என்று தேதியும் இடத்தின் அட்சரேகை, தீர்க்கரேகையும் பதிவாகும்படி படம் எடுத்து வையுங்கள். தகவல் உரிமையில் கேட்பதானால் 'அனுமதி உண்டா' என்று கேட்காதீர்கள். இன்ன புல எண்ணுக்கான விண்ணப்பம், அதைப் பரிசீலித்த கூட்டத்தின் தீர்மானம், ஓதக் கோட்டு அறிக்கை, இவற்றின் நகலையும் கோப்பைப் பார்வையிடும் வாய்ப்பையும் கேளுங்கள். கட்டணம் 10 ரூபாய், பதிலுக்கு 30 நாள்.

அனுமதியை எப்போது 'தெரிவித்ததாக' எடுத்துக்கொள்வது என்பதிலும் வழக்குகள் உண்டு. சுற்றுச்சூழல் அனுமதி பெற்றவர் ஏழு நாளுக்குள் இரண்டு உள்ளூர் நாளிதழ்களில் விளம்பரம் தர வேண்டும், அவற்றில் ஒன்று வட்டார மொழியில் இருக்க வேண்டும். உள்ளூர் அமைப்பு அந்த ஆணையை 30 நாள் பலகையில் ஒட்டி வைக்க வேண்டும். இவற்றில் எது முதலில் நடந்ததோ அந்த நாளிலிருந்து 30 நாளை எண்ணுகிறார்கள். ஊராட்சி அலுவலகத்தில் ஒட்டவே இல்லை என்றாலும் நாளிதழில் வந்த தேதி உங்களைக் கட்டும். உங்கள் நாளிதழின் உள்பக்கத்தில் சிறிய எழுத்தில் வரும் அந்த விளம்பரத்தைக் கடலோர ஊர்களில் யாராவது ஒருவர் தினமும் பார்த்தே ஆக வேண்டும்.

சேப்பாக்கம் கலச மகாலில் உள்ள பசுமைத் தீர்ப்பாயத்தின் தென்மண்டல அமர்வில், இழப்பீடு கோராத மனுவுக்குக் கட்டணம் 1,000 ரூபாய். வழக்கறிஞர் இல்லாமலும் வாதிடலாம். வழக்கை எடுத்துக்கொண்டதும் தீர்ப்பாயம் பெரும்பாலும் ஆட்சியர், மாசுக் கட்டுப்பாட்டு வாரியம், கடலோர ஆணையம் அடங்கிய கூட்டுக் குழுவை ஆய்வுக்கு அனுப்பும். தீர்ப்பை நடைமுறையில் நிர்ணயிப்பது அந்தக் குழுவின் அறிக்கை. ஆய்வு நாளில் மனுதாரர் நேரில் இருந்து, சர்வே கல்லைக் காட்டி, கட்டடத்தின் நான்கு மூலைகளின் அட்சரேகை, தீர்க்கரேகையையும் அறிக்கையில் எழுதச் சொல்ல வேண்டும். 'தடைப்பகுதிக்கு வெளியே இருப்பதாகத் தெரிகிறது' என்ற மொட்டை வாக்கியத்தோடு அறிக்கை வந்தால் உடனே எழுத்தில் ஆட்சேபம் தாக்கல் செய்ய வேண்டும்.

இதே சட்டம் மீனவர் வீட்டின் மீது விழும் விதம்தான் எனக்கு மிகவும் வலிக்கிறது. பங்களாக்காரருக்கு ஆலோசகர் இருக்கிறார், வரைபடத்துக்குப் பணம் இருக்கிறது. குப்பத்தில் ஓலை வீட்டைக் கான்கிரீட் ஆக்க நினைப்பவருக்குப் பட்டாவே இருப்பதில்லை. இடம் நத்தமோ புறம்போக்கோ என்றிருக்கும். 'அங்கீகரிக்கப்பட்ட பழைய கட்டடம்' என்று காட்ட அவரிடம் தாள் ஏது? 2011 அறிவிக்கை இதை உணர்ந்தே சில வழிகள் வைத்தது. பாரம்பரியக் கடலோரச் சமூகங்களின் வீடுகளுக்கு 100 மீட்டருக்கும் 200 மீட்டருக்கும் இடையே இடம் கொடுத்தது. 1991 விதிப்படி அனுமதிக்கத்தக்கதாக இருந்தும் முறையான ஒப்புதல் பெறாத மீனவர் வீடுகளை, வணிகத்துக்குப் பயன்படுத்தாமல் வெளியாருக்கு விற்காமல் இருந்தால் முறைப்படுத்தலாம் என்றது. மீனவக் கிராமம், கருவாடு காயவைக்கும் களம், படகுத்துறை, ஐஸ் நிலையம், பள்ளி, மருந்தகம் எல்லாவற்றையும் வரைபடத்தில் குறிக்கச் சொன்னது. நீண்டகால வீட்டுத் தேவைத் திட்டம் தயாரிக்கச் சொன்னது. ஆனால் 2023-ல் தமிழகத்தின் வரைவு வரைபடங்கள் மீது கருத்துக் கேட்டபோது மீனவர் அமைப்புகள் எழுப்பிய முதல் ஆட்சேபமே தங்கள் ஊர்களும் பொது இடங்களும் அவற்றில் இல்லை என்பதுதான். வரைபடத்தில் இல்லாத களத்தின் மீது நாளை ஒரு விடுதிக்கு அனுமதி கொடுத்தால், 'இங்கே பொதுப் பயன்பாடு எதுவும் இல்லை' என்று அந்த வரைபடமே சாட்சி சொல்லும். விடுதிகளுக்கு நடுவே மக்கள் கடலுக்குப் போகக் குறைந்தது 20 மீட்டர் அகல வழி விட வேண்டும் என்ற விதியும் இருக்கிறது. அதையும் அனுமதி வரைபடத்தில் தனி நிறத்தில் காட்டச் சொல்லிக் கேட்கலாம்.

முதலில் கட்டிவிட்டு அபராதம் கட்டித் தப்பலாம் என்ற நம்பிக்கையைப் பற்றியும் சொல்ல வேண்டும். கொச்சி சிலவன்னூர் காயல் கரையில் டி.எல்.எஃப். குடியிருப்பை 2018 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் ஒரு கோடி ரூபாய் செலுத்தச் சொல்லி நிற்கவிட்டது. அதைத்தான் எல்லோரும் எடுத்துக்காட்டுகிறார்கள். அதன் பிறகு வந்தது மரடு. 2020 ஜனவரியில், வேம்பநாட்டுக் காயலின் நெடியதுருத்துத் தீவில் 54 வில்லாக்கள் கொண்ட சொகுசு விடுதியை இடிக்கும் உத்தரவையும் அதே நீதிமன்றம் உறுதிசெய்தது. 2022-ல் இடிப்பு தொடங்கியது. பின்னேற்பு அனுமதி, அதாவது கட்டிய பிறகு தரும் அனுமதி, குறித்து 2025 மே மாதம் உச்ச நீதிமன்றம் கடுமையாகத் தடை விதித்ததும், நவம்பரில் மூவர் அமர்வின் பெரும்பான்மை அந்தத் தீர்ப்பைத் திரும்பப் பெற்றதும் சுற்றுச்சூழல் அனுமதி சார்ந்த விஷயம். அதை நம்பித் தடைப்பகுதியில் தூண் எழுப்புபவருக்கு அது துணை வராது. எப்போதும் அனுமதிக்க முடியாத இடத்துக்குப் பின்னேற்பு என்று ஒன்று இருக்க முடியாது.

அதே சமயம் தண்டனைப் பிரிவு பலமிழந்துவிட்டது என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும். 2023-ன் ஜன் விஸ்வாஸ் சட்டம், சுற்றுச்சூழல் பாதுகாப்புச் சட்ட மீறலுக்கான சிறைத் தண்டனையை எடுத்துவிட்டு 10,000 முதல் 15 லட்சம் ரூபாய் வரையிலான அபராதமாக மாற்றியது. கடலோரத்தில் கோடிகளில் மனை வாங்குபவருக்கு 15 லட்சம் ஒரு தடையா? சுற்றுச்சூழல் பாதுகாப்புச் சட்டத்தின் பிரிவு 5-ன் கீழ் மின்சாரம், தண்ணீர் இணைப்பைத் துண்டிக்கவும் கட்டுமானத்தை மூடவும் உத்தரவிடும் அதிகாரம் இருக்கிறது. கான்கிரீட் எழும் முன்பே அதைப் பயன்படுத்தினால் இடிப்பு வரை போக வேண்டியிராது. மரடில் முன்னாள் பஞ்சாயத்துச் செயலாளர் கைது செய்யப்பட்டார், வீட்டுக்கு 25 லட்சம் ரூபாய் இடைக்கால இழப்பீடு கொடுக்க வேண்டி வந்தது. எல்லாம் பதின்மூன்று வருடம் தாமதமாக நடந்தவை.

அரசிடம் கேட்பது இவ்வளவே. கடலோர மாவட்டங்களில் வழங்கும் ஒவ்வொரு திட்ட அனுமதியிலும் கட்டட அனுமதியிலும், புல எண், உட்பிரிவு, சி.ஆர்.இசட். வகைப்பாடு, உயர் ஓதக் கோட்டிலிருந்து தூரம், எந்தத் தேதி வரைபடத்தை வைத்துப் பார்த்தார்கள் என்ற ஐந்தையும் அச்சிட வேண்டும். எல்லைக்கு வெளியே என்றாலும் 'வெளியே' என்று எழுதி அலுவலர் கையெழுத்திட வேண்டும். ஒற்றைச்சாளர இணையதளத்தில் புல எண்ணைத் தட்டும்போதே ஓதக் கோட்டு அடுக்கு திரையில் வரட்டும். பத்திரப் பதிவு அலுவலகத்தில் வில்லங்கச் சான்று எடுப்பவருக்கும் அதே விவரம் தெரியட்டும். 1:4,000 வரைபடங்களைத் தமிழ்க் குறிப்போடு, ஊர்ப் பெயர்களைச் சரியாக எழுதி, ஒவ்வொரு கடலோர ஊராட்சியிலும் நகராட்சி மண்டல அலுவலகத்திலும் மீன் ஏலக்கூடத்திலும் மாட்ட வேண்டும். இது நடக்கும் வரை, மனை வாங்க நினைப்பவர் முன்பணம் கொடுப்பதற்கு முன்பு விற்பவரிடம் ஆணையத்தின் கடித எண்ணையும் ஓதக் கோட்டு வரைபடத்தையும் கேட்டு வாங்கி, அந்தக் கடிதத்தைத் தீர்மான நகலோடு ஒப்பிட்டுப் பார்க்கட்டும். ஆணையத்தின் பரிந்துரை தேவையில்லாத சிறிய வீடு என்று விற்பவர் சொன்னால், சி.ஆர்.இசட். விதிப்படி பரிசீலித்ததாக உள்ளூர் அமைப்பு கோப்பில் எழுதிய குறிப்பின் நகலைக் கேட்கட்டும்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
திருவான்மியூர், சென்னை.